துறந்தவர், நின்றுவிட்டவள்

வேலையை விடுவதற்குத் தமிழில் எத்தனை வினைச்சொற்கள் இருக்கின்றன என்று ஒருநாள் முதுகலை வகுப்பில் கேட்டேன். விடுதல், விலகுதல், துறத்தல், உதறுதல், தூக்கியெறிதல் என்று மாணவிகள் அடுக்கினார்கள். பின்வரிசையிலிருந்து ஒருத்தி மட்டும் மெதுவாக, “நின்னுட்டாங்க” என்றாள். வகுப்பே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. “எங்கம்மா பேங்க்ல வேலை பார்த்தாங்க மேடம், நான் பொறந்ததும் நின்னுட்டாங்க.” இப்படித்தான் நம் வீடுகளில் சொல்கிறோம். ஆண் வேலையை உதறினால் அதற்கொரு திசை இருக்கிறது. எதையோ தேடிப் போனான், எங்கோ போய்ச் சேர்ந்தான். பெண் நின்றுவிடுகிறாள். ஓடிக்கொண்டிருந்த ஒன்று நின்றது, அவ்வளவுதான். அதற்கு மேல் கதை இல்லை.

இந்தச் சொல் என் மனத்தில் கிடந்த நாட்களில்தான் பிரேசிலின் அல்பெர்ட்டோ கவல்கன்டியைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். 1897இல் ரியோ டி ஜெனீரோவில் பிறந்தவர். உலகத் திரைப்பட வரலாற்றில் பிரேசிலிலிருந்து முதலில் தடம் பதித்த ஒருசிலரில் ஒருவர். அவரைப் பற்றிய குறிப்புகள் பெரும்பாலும் ஒரே விதமாகத்தான் தொடங்கும். இங்கிலாந்தின் லிவர்பூல் நகரில் பிரேசில் தூதரகக் கிளையில் பணியாற்றினார்; பிரெஞ்சு இயக்குநர் மார்சேல் லெர்பியேவுடன் கடிதத் தொடர்பு ஏற்பட்டது; அரங்க வடிவமைப்பாளராக வேலை செய்ய லெர்பியே அழைத்தார்; 1920களின் தொடக்கத்தில் தூதரக வேலையைத் துறந்து பாரிசுக்குப் போனார். மேசை, முத்திரை, கோப்பு ஒரு பக்கம், மறுபக்கம் கலை. நடுவில் ஒரு துணிச்சலான தாவல். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது.

எனக்கும் பிடித்திருந்தது. பிறகு கொஞ்சம் பின்னோக்கிப் படித்தேன். தந்தை பெயர்பெற்ற கணித அறிஞர். பதினைந்து வயதிலேயே சட்டம் படிக்கப் போன மகன் பேராசிரியர் ஒருவருடன் வாக்குவாதம் செய்து வெளியேற்றப்பட்டபோது, சட்டமும் அரசியலும் படிக்கக் கூடாது என்ற நிபந்தனையோடு தந்தை அவரை ஜெனீவாவுக்கு அனுப்பினார். அங்கே கட்டடக்கலை, பிறகு பாரிசில் உள்அலங்கார வேலை, அதன் பிறகுதான் தூதரகம். ஆக, அவர் லிவர்பூலில் எழுதிய பணிவிலகல் கடிதம் அவர் வாழ்வின் முதல் விலகல் அல்ல. ஏற்கெனவே ஓரிரு முறை விலகிப் பார்த்து, கீழே விழாமல் ஏந்திக்கொள்ளக் கை இருக்கிறது என்று தெரிந்துகொண்ட ஒருவரின் விலகல். இதைச் சொல்வதால் அவர் திறமை குறைந்துவிடாது. துணிச்சல் என்று நாம் மெச்சுவதில் எவ்வளவு பங்கு சுபாவம், எவ்வளவு பங்கு பின்னால் இருக்கும் சுவர் என்று பிரித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது, அதற்காகத்தான் சொல்கிறேன்.

அவர் கடல் கடப்பதற்குச் சில ஆண்டுகள் முன்பு, அதே பிரேசில் வெளியுறவுத் துறைக்குள் நுழைய இன்னொருவர் போராடிக்கொண்டிருந்தார். மரியா ஜோசே டி காஸ்ட்ரோ ரெபெல்லோ மென்டெஸ். பாஹியாவைச் சேர்ந்தவர். தந்தை இறந்து குடும்பம் நொடித்துப்போன நிலையில் வேலை தேடியவர். 1918இல் வெளியுறவுத் துறை நடத்திய போட்டித் தேர்வுக்கு விண்ணப்பித்தார். பெண் தேர்வெழுதலாமா என்பதே பெரிய விவாதமானது. ரூய் பார்போசா என்ற புகழ்பெற்ற சட்ட வல்லுநர், அரசியல் சாசனத்தில் தடை ஏதும் இல்லை என்று கருத்து எழுதிக்கொடுத்தார். பெண்கள் இல்லத்தை நிர்வகிப்பதே அவர்களுக்குப் பெருமை என்ற பொருள்பட ஒரு குறிப்பையும் எழுதிவைத்துவிட்டுத்தான் அமைச்சர் அனுமதி தந்தார். (அனுமதியோடு ஒரு குத்தலையும் சேர்த்துத் தரும் இந்த வழக்கம் எந்த நாட்டுக் கோப்பிலும் இருக்கும் போலிருக்கிறது.) மரியா ஜோசே தேர்வில் முதலிடம் பெற்றார். பிரேசிலின் முதல் பெண் தூதரக அதிகாரியானார்.

1922இல் உடன் பணியாற்றிய அதிகாரி ஒருவரை மணந்தார். 1934இல் கணவருக்கு பிரஸ்ஸல்ஸ் நகரில் பணி அமைந்தபோது, மனைவியாக உடன் போவதற்காகத் தன் பணியிலிருந்து விலகினார். இரண்டே ஆண்டுகளில் இறந்தும் போனார். 1938இல் பிரேசில் வெளியுறவுத் துறை தன் விதிகளை மாற்றியமைத்தபோது, பெண்கள் இனி அந்தப் பணிக்கு வர முடியாது என்று கதவைச் சாத்தியது. 1953இல் ஒரு பெண் நீதிமன்றம் போய்த் தேர்வெழுதும் உரிமையைப் பெற்றார். அடுத்த ஆண்டு சட்டமும் மாறியது. இடையில் போனவை 16 ஆண்டுகள்.

ஒரே துறையிலிருந்து இரண்டு வெளியேற்றங்கள். ஒன்று திரைப்பட வரலாற்று நூல்களின் முதல் பத்தியில் இருக்கிறது. மற்றதை மரியா ஜோசேயைப் பற்றிய குறிப்புகளின் கடைசி வரியில்தான் பார்த்தேன். கவல்கன்டியின் விலகலைப் படிக்கும்போது அடுத்து என்ன என்று பக்கத்தைப் புரட்டுகிறோம். அவளுடையதைப் படித்ததும் புத்தகத்தை மூடிவைக்கிறோம். நின்னுட்டாங்க.

தத்துவத்தில் இதையொட்டிய ஒரு பழைய கேள்வி உண்டு. மனைவி மக்களை விட்டுவிட்டு தாஹித்தித் தீவுக்குப் போய் ஓவியம் தீட்டிய கொகேனை எடுத்துக்காட்டாக வைத்து, பெர்னார்ட் வில்லியம்ஸ் 1976இல் அறமும் அதிர்ஷ்டமும் குறித்து எழுதினார். கிளம்பும்போது தன் செயல் சரியா தவறா என்று அந்த ஓவியருக்கே தெரியாது. அவர் நல்ல ஓவியரானால் மட்டுமே அந்தச் செயலுக்கு ஏதாவது நியாயம் கிடைக்கும், தோற்றால் அதுவும் இல்லை என்பது அந்த வாதத்தின் சாரம். மாணவியாக முதலில் படித்தபோது வாதத்தின் கூர்மையில் மயங்கினேன். இப்போது படிக்கும்போது அந்த அறையில் இன்னொருவர் உட்கார்ந்திருப்பது தெரிகிறது. மெத்தே காட். கொகேனின் டேனிஷ் மனைவி. ஐந்து குழந்தைகளோடு கோபன்ஹேகனில் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்தும் மொழிபெயர்த்தும் பிழைத்தவர். கொகேன் ஓவியராக வென்றாரா என்பதைப் பொறுத்து அவர் செய்தது நியாயமாகலாம் என்றால், மெத்தே குழந்தைகளுக்குச் சோறு போட்டதன் நியாயம் எதைப் பொறுத்தது? அதற்கு எந்த அதிர்ஷ்டமும் தேவைப்படவில்லை. அதனால்தானோ என்னவோ தத்துவவாதிகளுக்கும் அது சுவாரஸ்யமாகப் படவில்லை.

கவல்கன்டியை கொகேனோடு சேர்ப்பது அநியாயம். அவர் யாரையும் நடுத்தெருவில் விட்டுப் போகவில்லை. தன்பாலீர்ப்பு கொண்டவர், அந்தக் காலத்து பிரேசிலில் அப்படிப்பட்ட ஒருவருக்கு வெளியே போவதென்பது கலைக்காக மட்டும் இருந்திருக்காது, மூச்சு விடுவதற்காகவும் இருந்திருக்கும். அதோடு, விட்டு வந்தவர் எதைப் பார்த்தார் என்பதும் முக்கியம். 1926இல் அவர் எடுத்த ‘மணிநேரங்கள் மட்டுமே’ என்று பொருள்படும் பிரெஞ்சுப் படம் பாரிசின் ஒருநாளைக் காட்டுவது. நகரத்தையே பாத்திரமாக்கிய ஆரம்பகாலப் படங்களில் ஒன்று. தொடக்கத்தில் நாகரிகமான சீமாட்டிகள் படிக்கட்டில் இறங்கி வருகிறார்கள். காட்சி உறைந்து புகைப்படமாகிறது. ஒரு கை அதைக் கிழித்துப் போடுகிறது. பிறகு படம் முழுக்க சந்துகளில் தள்ளாடி நடக்கும் நோயாளிக் கிழவி, தெருமுனையில் நிற்கும் பாலியல் தொழிலாளி, பத்திரிகை விற்கும் பெண். ஒருவன் தட்டில் இறைச்சி சாப்பிடுகிறான். அந்தத் தட்டுக்குள்ளேயே இறைச்சிக்கூடம் தெரிகிறது. அவன் எதைத் தின்கிறான் என்பதும் அது எங்கிருந்து வந்தது என்பதும் ஒரே தட்டில். இதைப் பார்க்கக் கற்றவர் மேசையிலிருந்து எழுந்தது நல்லதுதான் என்றே எனக்குத் தோன்றியது.

ஆனால் அவர் அரசை விட்டாரா? இங்கேதான் ‘துறந்தார்’ என்ற சொல் தடுமாறுகிறது. 1934இல் அவர் சேர்ந்த இடம் பிரிட்டிஷ் அஞ்சல் துறையின் திரைப்படப் பிரிவு. லண்டனிலிருந்து ஸ்காட்லாந்துக்கு இரவில் தபால் கொண்டுபோகும் ரயிலைப் பற்றிய ‘நைட் மெயில்’ என்ற புகழ்பெற்ற ஆவணப்படத்தின் ஒலி அமைப்பில் அவருக்குப் பெரும்பங்கு உண்டு. பின்னர் அந்தப் பிரிவுக்கே தலைமை ஏற்றார். தன் நாட்டு அரசின் முத்திரையை விட்டுவிட்டு இன்னொரு நாட்டு அரசின் தபால்தலைக்கு வந்து சேர்ந்தார் என்று நான் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. 1940இல், போர்க்காலத்தில் அந்தப் பிரிவு செய்தித் துறையின் கீழ் போனபோது, அயல்நாட்டவர் அதன் தலைமையில் இருக்க முடியாது, குடியுரிமையை மாற்றிக்கொள்ள வேண்டும் என்ற நிலை வந்தது. அவர் மாற்றவில்லை. பிரிவை விட்டு ஈலிங் திரைக்கூடத்துக்குப் போனார். 1950 வாக்கில் பிரேசில் திரும்பி வேரா குருஸ் நிறுவனத்தில் தலைமைத் தயாரிப்பாளரானார். ஓராண்டு முடிந்த கொஞ்ச காலத்திலேயே அங்கும் மோதல். அவருடைய இடதுசாரிச் சாய்வும் அந்தரங்க வாழ்வும் அவருக்கு எதிராகப் பேசப்பட்டன. அதற்கிடையில் குடியரசுத் தலைவர் வார்காஸ் அவரை அழைத்து, தேசியத் திரைப்பட நிறுவனம் ஒன்றுக்குத் திட்டம் தீட்டித் தரச் சொன்னார். மறுபடியும் அரசு, மறுபடியும் கோப்பு.

அரசு வேலை வேறு, கலை வேறு என்று கோடு போடும் கதைகளை இதனால்தான் நான் நம்புவதில்லை. அவர் திரும்பத் திரும்ப விலகினார் என்பதைவிட, திரும்பத் திரும்ப யாராவது அவரை அழைத்தார்கள் என்பதே என் கண்ணில் படுகிறது. விட்டவருக்கு அழைப்பு வந்துகொண்டே இருந்தது. நின்றவளுக்கு அப்படி ஒரு அழைப்பு வந்ததாக நான் எங்கும் படிக்கவில்லை.

ஈலிங்கில் அவர் இயக்கிய ஒரு படத்தை மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன். 1942இல் வெளிவந்தது. ஆங்கிலக் கிராமம் ஒன்றை ஜெர்மன் வீரர்கள் மாறுவேடத்தில் வந்து பிடித்துக்கொள்ளும் கதை. அதில் தபால் நிலையத்தை நடத்தும் நடுத்தர வயதுப் பெண் ஒருத்தி வருகிறாள். வீட்டில் தங்கியிருக்கும் வீரனுக்குச் சாப்பாடு போடும்போது மிளகுத்தூளை அவன் கண்ணில் வீசி, கோடரியால் வெட்டிச் சாய்க்கிறாள். பிறகு தொலைபேசி இணைப்பகத்தை அழைக்கிறாள். மறுமுனையில் இருக்கும் பெண்கள் அவளை வழக்கமாகத் தொல்லை தரும் ஆளாக நினைத்து, காத்திருக்கட்டும் என்று தங்கள் பேச்சைத் தொடர்கிறார்கள். காத்திருக்கும் நேரத்தில் இன்னொரு வீரன் உள்ளே வந்து அவளைக் கொல்கிறான். இந்தக் காட்சியை நான் மூன்று முறை பார்த்தேன். ஒரு பெண் தன் வேலையிடத்தில், தன் சமையலறைப் பொருளை வைத்து, செய்ய முடிந்த அனைத்தையும் செய்துவிட்டாள். அவள் குரலை எடுக்க மறுமுனையில் ஆள் இல்லை. லிவர்பூலிலிருந்து கடிதம் எழுதிய இளைஞருக்கு பாரிசிலிருந்து பதில் வந்தது நினைவுக்கு வந்தது.

அவரே ஒரு கதையை இரண்டு முறை படமாக்கியிருக்கிறார். 1927இல் பிரெஞ்சிலும், 1953இல் பிரேசிலின் வடகிழக்கில் ‘கடலின் பாடல்’ என்ற பெயரிலும். இரண்டிலும் ஊரைவிட்டுப் போய்விட ஏங்கும் மகன், துணி வெளுத்துப் பிழைக்கும் தாய். விட்டுப் போனவர் விட்டுப்போகும் ஆசையையே திரும்பத் திரும்பப் படமாக்கினார் என்பதில் ஆச்சரியமில்லை. எனக்கு அந்த வெளுக்கும் கைகள்தான் நினைவில் தங்குகின்றன. யார் போனாலும் போகாவிட்டாலும் அழுக்குத் துணி வந்துகொண்டே இருக்கும்.

பிரேசில் வெளியுறவுத் துறையின் கதவு சாத்தியிருந்த அந்த 16 ஆண்டுகளுக்குள்தான் கிளாரிஸ் லிஸ்பெக்டர் சட்டம் படித்தார். உக்ரைனில் பிறந்து கைக்குழந்தையாக பிரேசிலுக்கு வந்த யூதப் பெண். உடன் படித்த மாவ்ரி குர்ஜெல் வாலென்ட்டேயை 1943இல் மணந்தார். அவர் தூதரக அதிகாரியானார். இருவரும் ஒரே வகுப்பில் ஒரே சட்டத்தைப் படித்தவர்கள். ஒருவர் அதிகாரியாகலாம், மற்றவர் அதிகாரியின் மனைவியாகலாம். அதிகாரிகள் அயல்நாட்டவரை மணக்க முடியாது என்பதால் திருமணத்துக்குச் சில நாட்கள் முன்புதான் கிளாரிசுக்குக் குடியுரிமை கிடைத்தது. அவரே அதை விரும்பியவர்தான், குடியரசுத் தலைவருக்கே கடிதம் எழுதிக் கேட்டவர். ஆனாலும் கவல்கன்டி குடியுரிமையை மாற்ற மறுத்ததையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அவர் மறுக்கும் இடத்தில் இருந்தார். இவர் கேட்டு வாங்கும் இடத்தில் இருந்தார்.

நேப்பிள்ஸ், பெர்ன், வாஷிங்டன் என்று பதினைந்து ஆண்டுகள். விருந்துகள், இருக்கை வரிசைகள், புன்னகைகள். சம்பளமில்லாத அரசுப் பணி அது. இடையிடையே நாவல்கள். பிள்ளைகளை விட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்ளாமல் தட்டச்சுப் பொறியை மடியில் வைத்துக்கொண்டு எழுதினார் என்பது அவரைப் பற்றி எல்லோரும் சொல்லும் செய்தி. அதை அழகான படிமமாகவே எல்லோரும் சொல்கிறார்கள். எனக்குத் தொடை வலிக்கிறது.

1959இல் இரண்டு மகன்களோடு ரியோவுக்குத் திரும்பினார். மணவாழ்வு முடிந்தது. கவல்கன்டி விட்டதும் இவர் விட்டதும் ஒரே உலகம்தான், தூதரக உலகம். ஆனால் இவர் ராஜினாமாக் கடிதம் எழுத முடியாது. பதவியில் இருந்தால்தானே விலக? விட்டு வந்ததும் யாரும் அரங்கம் அமைக்க அழைக்கவில்லை. செலவுக்காக ஹெலன் பால்மர் என்ற புனைபெயரில் செய்தித்தாளில் பெண்கள் பகுதி எழுதினார். முகப்பூச்சு, கூந்தல், கணவர் மனம் கோணாமல் நடப்பது. போர்த்துகீசிய உரைநடையையே திருப்பிப்போட்டவர் என்று இன்று கொண்டாடப்படுபவர் அப்போது எழுதியது இதைத்தான். நான் அதை இழிவாக நினைக்கவில்லை. வாடகை கட்ட எழுதிய எழுத்தை எந்தப் பெண்ணும் இழிவாக நினைக்கமாட்டாள்.

சொந்தக் கதை ஒன்று. முனைவர் பட்டத்துக்குப் பிறகு, கவிதைத் தொகுப்பை முடிக்க ஆறு மாதம் ஊதியமில்லா விடுப்பு கேட்டேன். மேலே இருந்தவர் கடிதத்தைப் படித்துவிட்டு மிகுந்த அக்கறையோடு கேட்டார்: “வீட்ல எதாச்சும் பிரச்சினையாம்மா?” கவிதை என்ற சொல் கடிதத்தின் இரண்டாம் வரியில் தெளிவாக இருந்தது. அதே ஆண்டு விடுப்பெடுத்து நாவல் எழுதப்போன சக ஆசிரியருக்கு வாழ்த்துக்கூட்டம் நடந்தது. பேச என்னைத்தான் கூப்பிட்டார்கள். பேசினேன். நன்றாகவே பேசினேன்.

அப்படியானால் எல்லாவற்றையும் விட்டுப் போகும் உரிமையைத்தான் நாம் கேட்கிறோமா? கொகேனாகும் உரிமையையா? என் மாணவிகள் சிலர் ஆமாம் என்கிறார்கள், தயக்கமே இல்லாமல். அவர்கள் இளமையை மதிக்கிறேன். எனக்கு அது போதவில்லை. துணி வெளுக்கும் கைகளை இன்னொருத்தியின் தலையில் கட்டிவிட்டுப் போகும் விடுதலை, கணக்கில் மெத்தே காட்டை மறந்த அதே வாதம்தான், உடை மட்டும் வேறு. விடுவதைப் போலவே திரும்பி வருவதும், தாமதமாகத் தொடங்குவதும், பாதி விட்டு பாதி பிடித்துக்கொண்டிருப்பதும் மதிக்கத்தக்க வாழ்வுகள் என்று சொல்லும் ஒரு மொழி நமக்கு வேண்டியிருக்கிறது.

அப்படி ஒரு வாழ்வு சுசானா அமராலுடையது. 1932இல் பிறந்தவர். ஒன்பது பிள்ளைகளுக்குத் தாய். முப்பதுகளின் பிற்பகுதியில் சாவ் பாவ்லோ பல்கலைக்கழகத்தில் திரைப்படம் படிக்கச் சேர்ந்தார். தொலைக்காட்சியில் ஆவணப்படங்கள் எடுத்தார். நியூயார்க் போய் மேற்படிப்பு படித்தார். தன் முதல் கதைப்படத்தை 1985இல், ஐம்பதைத் தாண்டிய பிறகு எடுத்தார். எதையும் துறந்ததாக அவரைப் பற்றி எங்கும் நான் படிக்கவில்லை. அவர் எடுத்தது கிளாரிஸ் 1977இல், தான் இறந்த ஆண்டில் வெளியிட்ட ‘நட்சத்திரத்தின் நேரம்’ நாவலை. அதில் நடித்த மார்சேலியா கார்டாஷோவுக்கு பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது.

அதன் நாயகி மகபேயா, வடகிழக்கிலிருந்து பெருநகரத்துக்குப் பிழைக்க வந்த தட்டச்சுப் பெண். பிழைகளோடு அடிப்பவள், தாளில் கறை படிய வைப்பவள். வேலையை விட்டு நீக்கப்போகிறேன் என்று முதலாளி சொல்லும்போது, தொந்தரவு கொடுத்ததற்கு மன்னிப்பு கேட்கிறாள். விட்டுப் போவது என்ற எண்ணமே அவளுக்குத் தோன்ற வழியில்லை. அவளிடம் விடுவதற்கு எதுவும் இல்லை. ஆனால் ஒருநாள் பல் பிடுங்க வேண்டும் என்று முதலாளியிடம் பொய் சொல்லிவிட்டு வேலைக்குப் போகாமல் இருந்துவிடுகிறாள். உடன் தங்கியிருக்கும் பெண்கள் எல்லோரும் வேலைக்குப் போய்விட்டார்கள். அறை முழுக்க அவளுக்கே. காப்பி போட்டுக் குடிக்கிறாள். திரையில், வெள்ளைத் துணி ஒன்றைப் போர்த்திக்கொண்டு கண்ணாடி முன்னால் ஆடுகிறாள்.

மறுநாள் வேலைக்குப் போக வேண்டும். அதுவரை ஆடுகிறாள்.